ஊசி இல்லாத அறுபது நாள்

பெட்டியண்ணனுக்கு மடத்தில் தன்னைத் தவிர இருந்த இருபத்திரண்டு பேரில் இருபத்தொரு பேரைப் பற்றி நல்ல எண்ணமும் கிடையாது, கெட்ட எண்ணமும் கிடையாது. மிச்சமிருந்த ஒருவனை நினைத்தால் மட்டும் வயிறு எரியும். அவன் ஊசி. மடத்துக்கு வெளியே அவனுக்கு வேறு பெயர் இருந்திருக்கும், உள்ளே யாரும் கேட்டதில்லை. பத்தொன்பது வருடமாக இஸ்திரிப் பெட்டியைப் பிடித்ததால் இவர் பெட்டியண்ணன் ஆனதுபோல, இரண்டு வருடத்துக்கு முன்னால் தையல்காரனாக வந்து சேர்ந்ததால் அவன் ஊசி ஆனான்.

அந்த மடத்துக்குத் திருத்தர் மடம் என்று பெயர். உள்ளே சிலையும் இல்லை, படமும் இல்லை. ஆஸ்பத்திரிகளிலிருந்து மூட்டை மூட்டையாக வரும் படுக்கை விரிப்புகளை வெளுத்து, கிழிசல் தைத்து, இஸ்திரி போட்டுத் திருப்பி அனுப்புவது அவர்கள் பிழைப்பு. நம்பிக்கை வேறு. இந்த உலகம் முடித்து வைத்த பொருள் இல்லை, இன்னும் கையில் குழைகிற மாவுதான் என்று நம்பினார்கள். ஒரு கூரையின் கீழ் இருக்கிற எல்லோரும், ஒருவர் விடாமல், ஒரு விஷயத்தை இப்படித்தான் என்று வைத்து வாழ்ந்துவிட்டால் அது அப்படியே ஆகிவிடும். அதற்குத் திருத்தம் என்று பெயர். ஆளுக்கு ஆயுளில் ஒன்றே ஒன்று. பத்து வருடம் இருந்தவருக்குத்தான் அந்த உரிமை.

திருத்தத்தை ஒரே வாக்கியத்தில் காலைக் கூட்டத்தில் சொல்ல வேண்டும். எல்லாக் கையும் உயர்ந்தால்தான் அது ஏற்கப்படும். ஏற்றபின் அறுபது நாள் மடமே அதை வாழும். அந்த அறுபது நாளுக்குள், விஷயமே தெரியாத வெளியாள் ஒருவர் தன் வாயால் அதைச் சொல்லிவிட்டால் திருத்தம் நின்றுவிட்டது என்று அர்த்தம். மாற்றிச் சொன்னாலோ, அறுபது நாளும் யாரும் ஒன்றும் சொல்லாமல் கழிந்தாலோ கலைந்துவிட்டது. கலைந்தால் கலைந்ததுதான், இன்னொன்று கேட்க முடியாது.

நின்றவையும் உண்டு. கிணற்றுத் தண்ணீர் உப்பில்லை என்று ஒருவர் சொல்லி, ஐம்பது நாள் முகம் சுளிக்காமல் எல்லோரும் குடித்தார்கள். ஐம்பத்தோராம் நாள் தபால்காரர் இரண்டு தம்ளர் குடித்துவிட்டு, இவ்வளவு நல்ல தண்ணீர் ஊரில் எங்கேயும் இல்லை என்றார். கலைந்தவையும் உண்டு. கூரை ஒழுகவில்லை என்று ஒருவர் சொல்லி, மழைக்காலம் முழுக்க யாரும் பாத்திரம் வைக்காமல் நனைந்துகொண்டே தூங்கினார்கள். மின்சார வேலைக்கு வந்த ஆள் தலையைத் துவட்டிக்கொண்டே, என்னய்யா இது, வெளியில் நின்றாலாவது ஒரு மரம் இருக்கிறதே என்றான். அத்தோடு சரி. அந்த வருடம் மடத்தில் பாதிப் பேருக்கு இருமல்.

பெட்டியண்ணன் தன் திருத்தத்தைப் பொத்திப் பொத்தி வைத்திருந்தார். அவருக்கு ஒரு தம்பி. வீட்டைப் பாகம் பிரித்தபோது நடந்த சண்டையில் பேச்சு நின்று இருபத்தாறு வருடம் ஆகிறது. ‘வாசலில் நிற்பது என் தம்பி’ என்பதுதான் அவர் சொல்ல நினைத்திருந்த வாக்கியம். அறுபது நாளும் இருபத்துமூன்று பேர் வாசலைப் பார்த்து, அங்கே ஒருவன் நிற்பதாகவே வாழ்வார்கள். ஒருநாள் லாரிக்காரன் இறங்கி வந்து, உங்க ஜாடையில் யாரோ நிற்கிறாரே என்பான். இதை நினைத்தபடி அவர் எத்தனையோ ஆயிரம் விரிப்புகளுக்கு இஸ்திரி போட்டிருக்கிறார். இன்னும் கொஞ்சம் நாள் போகட்டும், சொல்லிக் கலைந்துபோனால் என்ன செய்வது என்ற பயத்தில்தான் ஒன்பது வருடம் தள்ளிப்போட்டார்.

அப்புறம் அந்த வியாழக்கிழமை வந்தது.

மொட்டை மாடியில் எல்லோரும் விரிப்புகளை மடித்துக்கொண்டிருந்தார்கள். மடத்தின் தலைவரை மூத்தவர் என்பார்கள், நேரில் ஐயா. அவர் ஒரு விரிப்பை எடுத்து வெயிலுக்கு நேராகப் பிடித்தார்.

“இது நடுவால கிழிஞ்சு வந்த விரிப்பு. ஊசி தைச்சிருக்கான். எந்த இடம்னு காட்டுங்க பார்ப்போம்.”

ஆளாளுக்கு விரலால் தடவிப் பார்த்தார்கள். பெட்டியண்ணனும் தடவினார், மற்றவர்களைவிட அதிக நேரம் தடவினார். ஒரு நூல் பிசிறாவது அகப்படாதா என்று மூக்கு துணியில் படுமளவுக்குக் குனிந்து பார்த்தார். அகப்படவில்லை.

“நாம வாயால சொல்லிட்டு இருக்கோம், இவன் கையால செஞ்சுட்டான்,” என்றார் மூத்தவர். “கிழிஞ்சதே இல்லைன்னு ஆக்கிட்டான். திருத்தம்னா இதுதான்.”

ஊசி வெட்கப்பட்டுச் சிரித்தான். எல்லோரும் அவன் முதுகில் தட்டினார்கள். அந்த விரிப்பில் ஒரு சுருக்கம்கூட இல்லை என்பதை யாரும் கவனிக்கவில்லை. காலையில்தான் பெட்டியண்ணன் அதற்கு இஸ்திரி போட்டிருந்தார். ஒரு சுருக்கம் இருந்திருந்தால் கண்டிப்பாகக் கவனித்திருப்பார்கள். பத்தொன்பது வருடத்தில் மூத்தவர் அவரிடம் சொன்னதெல்லாம், பெட்டி சூடு அதிகமாக இருக்கிறது, பார்த்துக்கொள் என்பதுதான்.

அன்று அவருக்குச் சாப்பாடு இறங்கவில்லை. மறுநாளும் இறங்கவில்லை. மூன்றாம் நாள் காலைக் கூட்டத்தில் எழுந்து நின்றார்.

“என் திருத்தத்தைச் சொல்றேன்யா.”

எல்லோரும் நிமிர்ந்து உட்கார்ந்தார்கள். பெட்டியண்ணன் என்ன சொல்வார் என்று பல வருடமாக மடத்தில் பேச்சு இருந்தது.

“இந்த மடத்துல இருக்கிறது இருபத்திரண்டு பேர், ஊசின்னு ஒருத்தன் இங்க இல்ல.”

கிணற்றை, கூரையை, படிக்கட்டைத் திருத்தியிருக்கிறார்கள். ஆளைத் திருத்தியதில்லை. கூடாது என்று விதியும் இல்லை, ஏனென்றால் அப்படி ஒருவனுக்குத் தோன்றும் என்று விதி எழுதியவர்களுக்குத் தோன்றவில்லை.

“யோசிச்சுத்தான் சொல்றியா?” என்று மூத்தவர் கேட்டார். “இது நின்னுட்டா அவன் வாசலைத் தாண்டிப் போயிடணும். போனான்னுகூட நாம நினைக்க முடியாது. உனக்கும் வேற திருத்தம் கிடையாது.”

“யோசிச்சுட்டேன்யா.”

உண்மையில் அவர் யோசித்தது வேறு. எல்லாக் கையும் உயர வேண்டுமே, அதில் ஊசியின் கையும் ஒன்று. தன்னைத் தானே இல்லை என்று சொல்ல எவன் கை தூக்குவான்? தூக்க மாட்டான். இத்தனை பேர் பார்க்க, மடத்தின் சொல்லைவிடத் தன் உடம்புதான் பெரிது என்று உட்கார்ந்திருப்பான். மூத்தவர் முகம் சுருங்கும். ஏற்கப்படாத திருத்தம் சொன்னவரிடமே திரும்பி வந்துவிடும், அதைத் தம்பிக்கு வைத்துக்கொள்ளலாம். கணக்கு அவ்வளவு சுத்தமாக இருந்தது.

ஊசி எழுந்து நின்றான். ஒரு நிமிடம் பெட்டியண்ணனைப் பார்த்தான். கோபமாகப் பார்த்திருந்தால் அவருக்கு நன்றாக இருந்திருக்கும். ஏதோ முக்கியமான வேலையைத் தன்னை நம்பிக் கொடுத்ததுபோலப் பார்த்துவிட்டு, முதல் ஆளாகக் கையைத் தூக்கினான். அதைப் பார்த்து மற்றவர்களும் ஒவ்வொருவராகத் தூக்கினார்கள். கடைசியாக உயர்ந்தது பெட்டியண்ணனின் கை.

அன்று மத்தியானமே இருபத்திரண்டு தட்டுதான் வைத்தார்கள். ஊசியின் கட்டிலில் யாரோ கம்பளிகளை அடுக்கினார்கள். நடையில் அவன் எதிரே வந்தால் யாரும் ஒதுங்கவில்லை, அவன்தான் சுவரோடு ஒட்டிக்கொண்டான். கிழிந்த விரிப்புகள் தையல் அறையில் குவிவதும் தைக்கப்பட்டு வெளியே வருவதும் நடந்துகொண்டேயிருந்தது. இப்பல்லாம் ஆஸ்பத்திரிக்காரங்க கிழிக்கிறதே இல்ல என்று சலவைத் தொட்டிப் பக்கம் பேசிக்கொண்டார்கள். கேலியாக இல்லை, மனதாரத்தான் பேசினார்கள். எல்லோரும் பழகிய கைகள், பத்தே நாளில் ஊசி அவர்கள் கண்ணிலிருந்து போய்விட்டான்.

போகாதது ஒரே ஒருவர் கண்ணிலிருந்துதான்.

பெட்டியண்ணனுக்கு ஊசியைத் தவிர வேறெதுவும் தெரியவில்லை. இஸ்திரி அறையில் நின்றால் எதிரே தையல் அறை ஜன்னல். அவன் இடது பக்கம் சாய்ந்து உட்காருவது தெரியும், நூலைப் பல்லால் கடிக்காமல் கத்தரியால் வெட்டுவது தெரியும், மாலையானால் கட்டைவிரலை நீவிவிட்டுக்கொள்வது தெரியும். தட்டு எடுத்து வைக்கும் முறை வந்தபோது அவர் கை தானாக இருபத்துமூன்று எடுத்தது. ஒன்றைத் திருப்பி வைத்தார். இரண்டு தடவை நடையில் அவன் வரும்போது ஒதுங்கி வழிவிட்டுவிட்டு, நாக்கைக் கடித்துக்கொண்டார். மடமே வாழ்ந்த திருத்தத்தை அதைச் சொன்னவரால் மட்டும் வாழ முடியவில்லை.

போதாக்குறைக்கு ஊசி சந்தோஷமாக வேறு இருந்தான். இல்லாதவனுக்கு ஏது காலைக் கூட்டம்? வெயில் ஏறும்வரை தூங்கினான். எல்லோரும் சாப்பிட்டபின் அடுக்களைக்குப் போய், நின்றபடியே பாத்திரத்தின் அடியில் இருந்த கெட்டியான சூப்பை வழித்துச் சாப்பிட்டான். அடிச்சூப்புதான் ருசி என்பது ஊரறிந்தது. தைக்கும்போது வாய்க்குள் எதையோ முணுமுணுத்துப் பாடினான். மௌன நேரத்தில் பாடாதே என்று யார் சொல்வது? பாடுகிறவனே இல்லையே.

‘இவனுக்குத் தண்டனை கொடுத்தேனா, லீவு கொடுத்தேனா’ என்று பெட்டியண்ணன் பெட்டியை அழுத்தினார். அன்று ஒரு விரிப்பில் சூடு பட்டுப் பழுப்பு விழுந்தது. பத்தொன்பது வருடத்தில் முதல் தடவை.

ஐந்தாவது வாரம் பாட்டு நின்றது. நன்றாக வேண்டும், இப்போதுதான் உறைக்கிறது என்று அவர் நினைத்தார். கவனித்துப் பார்த்தபோது அது துக்கமாகத் தெரியவில்லை. அவன் நடப்பதில் சத்தம் போய்விட்டது. நடையில் சுவரோடு ஒட்டிக்கொள்வதும் நின்றது. ஒட்ட வேண்டிய அவசியமே வராத நேரத்தில், வராத இடத்தில் போய்வந்தான். சூப்பைக்கூட அவசரமில்லாமல், ருசி பார்க்காமல் சாப்பிட்டான். அவன் விளையாடவில்லை. மடத்தின் சொல்லை எலும்புவரை வாழ்ந்துகொண்டிருந்தான்.

காலைக் கூட்டத்தில் மூத்தவர் சொன்னார். “இந்த மாதிரி ஒரு அர்ப்பணிப்பை நான் இந்த மடத்துல பார்த்ததில்ல. யாரோடதுன்னு சொல்ல முடியாது. சொல்றதுக்கு ஆள் இங்க இல்ல.”

எல்லோரும் தலையாட்டினார்கள். ஒருவர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். பெட்டியண்ணனுக்கு உடம்பு முழுக்க எரிந்தது. ஒருவனை இல்லாமல் ஆக்கினாலும் அவனைத்தான் புகழ்வார்கள் என்றால் மனிதன் வேறு என்னதான் செய்வது?

ஐம்பத்தேழாவது நாள் காலை பத்து மணிக்குத் தீயணைப்பு அலுவலகத்திலிருந்து ஒரு அம்மா வந்தார். வருடத்துக்கு ஒருமுறை யாராவது வருவார்கள், இந்த வருடம் புது ஆள். கையில் ஒரு படிவம், காதில் பேனா. மடத்தில் எத்தனை பேர், தீப்பிடித்தால் எல்லோரும் வெளியே வர எவ்வளவு நேரமாகும் என்று பார்க்க வேண்டுமாம். மணி அடித்ததும் எல்லோரும் முற்றத்தில் வரிசையாக நின்றார்கள். அம்மா விரலை நீட்டி எண்ணி, படிவத்தில் இருபத்திரண்டு என்று எழுதிக்கொண்டார்.

“சரி, உள்ள யாராவது நின்னுட்டாங்களான்னு ஒவ்வொரு அறையா பார்க்கணும். யாராவது ஒருத்தர் கூட வாங்க.”

சாவிக்கொத்து பெட்டியண்ணனிடம் இருந்தது. அறைகளைப் பார்த்துவிட்டு வந்து இந்த அம்மா எண்ணிக்கையைச் சொல்லும்போது, அதுதான் சாட்சி. ஒன்று, ஊசி போவான். இல்லையென்றால் திருத்தம் போகும்.

சலவை அறை, உலர்த்தும் மாடி, சரக்கறை, படுக்கைக் கூடம் எல்லாம் பார்த்தார்கள். கடைசியாகத் தையல் அறை. அம்மா கதவைத் தள்ளித் தலையை நீட்டினார். பின்னாலிருந்து பெட்டியண்ணனும் பார்த்தார்.

ஊசி ஜன்னலுக்குக் கீழே, பட்டப்பகல் வெளிச்சத்தில், முக்காலியில் உட்கார்ந்திருந்தான். மடியில் ஒரு வெள்ளை விரிப்பு. மறைந்துகொள்ளவில்லை, குனியக்கூட இல்லை. ஊசியேந்திய கை பாதியில் நின்றிருந்தது. முகம் கதவைப் பார்த்துத்தான் இருந்தது. அந்த முகத்தில் ஒன்றுமே இல்லை. பயமில்லை, ஆசையில்லை, யாராவது தன்னைப் பார்க்க வேண்டும் என்பது இல்லை, பார்க்கக் கூடாது என்பதும் இல்லை.

அம்மாவின் பார்வை அறையை இடமிருந்து வலமாக ஒரு சுற்று சுற்றியது. அவன்மேல் பட்டு, நிற்காமல் தாண்டிப் போனது.

“காலி,” என்று படிவத்தில் குறித்துக்கொண்டார். “ஜன்னல் மட்டும் இன்னும் கொஞ்சம் நல்லா திறக்கணும். எண்ணெய் போடுங்க.”

நின்றுவிட்டது. முற்றத்துக்குப் போய் இருபத்திரண்டு என்று அவர் வாயால் சொல்ல வேண்டியதுதான் பாக்கி. பெட்டியண்ணனுக்குக் கால் தரையில் பாவவில்லை. ஆளையே திருத்தியவர் என்று மடம் இருக்கும்வரை பேசுவார்கள்.

பேசுவார்களா? யாரைப் பற்றிப் பேசுவார்கள்? வாயால் ஒரு வாக்கியம் சொன்னவனைப் பற்றியா, உட்கார்ந்த இடத்தில் உட்கார்ந்தபடியே உலகத்தின் கண்ணிலிருந்து கரைந்துபோனவனைப் பற்றியா? மடத்தின் வரலாற்றிலேயே இவன் செய்ததுபோல யாரும் செய்ததில்லை. எதுவும் வேண்டாத அந்த முகத்துக்காகத்தானே வீட்டைவிட்டு வந்து பத்தொன்பது வருடம் வெந்நீரிலும் ஆவியிலும் கிடந்தார். ஒரு நாள், ஒரே ஒரு நாள் அது தனக்கு வந்ததில்லை. இரண்டு வருடத்தில் இவனுக்கு வந்துவிட்டது. அதையும் கொடுத்தது யார்? இவரேதான் தட்டில் வைத்துக் கொடுத்திருக்கிறார். இதோ இப்போது அவன் வாசலைத் தாண்டி, அந்த முகத்தோடே, தொட முடியாத தூரத்துக்குப் போய்விடப் போகிறான். தாங்க முடியவில்லை.

“காலி இல்லம்மா,” என்றார் பெட்டியண்ணன். அவர் குரல் அவருக்கே புதிதாக இருந்தது. “ஜன்னல் பக்கம் நல்லா பாருங்க. ஒருத்தன் உட்கார்ந்திருக்கான்.”

அம்மா திரும்பிப் பார்த்தார். ஓரடி பின்னால் நகர்ந்தார்.

“அட, ஆமா. எப்படிங்க கண்ணுல படாம போச்சு?” என்று கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். “நல்ல வேளை சொன்னீங்க. நிஜமா தீப்பிடிச்சிருந்தா இவரை உள்ளயே விட்டிருப்போம். இருபத்துமூணு.”

ஊசியின் முகத்தில் முதலில் கண் வந்தது, பிறகு வாய் வந்தது. தூக்கத்தில் எழுப்பிய குழந்தைபோல அவன் முகம் கோணியது. விரலில் ஊசி குத்தி வெள்ளை விரிப்பில் ஒரு சொட்டு ரத்தம் விழுந்தது.

அப்புறம் நடந்ததைப் பெட்டியண்ணன் எதிர்பார்க்கவில்லை. அம்மா முற்றத்துக்கு வந்து, இவர் காட்டிக் கொடுத்திருக்காவிட்டால் ஒரு உயிரை எண்ணாமல் விட்டிருப்பேன் என்று எல்லோர் முன்னாலும் சொல்லிவிட்டுப் போனார். வாசல் கதவு சாத்தியதுதான் தாமதம், அத்தனை பேரும் தையல் அறைக்கு ஓடினார்கள். ஊசியைக் கட்டிப்பிடித்து அழுதார்கள். அப்புறம் திரும்பிப் பெட்டியண்ணனைக் கட்டிப்பிடித்தார்கள். சலவைத் தொட்டிக்காரர் அவர் கையைப் பிடித்துக்கொண்டு விடவேயில்லை.

மூத்தவர் அவர் தோளில் கை வைத்தார். பத்தொன்பது வருடத்தில் முதல் தடவை.

“திருத்தம் நிக்கப் போற நேரத்துல, அதை நீயே கலைச்சிருக்க. உனக்கு இருந்தது அது ஒண்ணுதான். கூடப் பிறக்காத ஒருத்தனுக்காக அதைத் தூக்கிக் கொடுத்துட்ட,” என்றார். “இவன் மேல உனக்கு இவ்வளவு பாசம் இருக்கும்னு எனக்குத் தெரியாமப் போச்சே.”

பெட்டியண்ணன் தலையைக் குனிந்துகொண்டார். அதை அடக்கம் என்று எடுத்துக்கொண்டார்கள். தம்பி இனி வாசலில் நிற்கப் போவதில்லை என்பது அப்போதுதான் அவருக்கு உறைத்தது.

எல்லோரும் கலைந்தபின் அவர்கள் இருவர் மட்டும் தையல் அறையில் நின்றார்கள். ஊசி ரத்தம் பட்ட இடத்தை எச்சில் தொட்டுத் தேய்த்துக்கொண்டிருந்தான்.

“அவங்க பாசம்னு நினைக்கிறாங்கண்ணே,” என்றான் நிமிராமல்.

“தெரியும்.”

“நான் சொல்ல மாட்டேன்.”

பெட்டியண்ணனுக்குக் கேட்காமல் இருக்க முடியவில்லை. “எப்படிடா இருந்துச்சு?”

ஊசி யோசித்தான். பொய் சொல்லத் தெரியாதவன். அதுவும் அவர் பொறாமைப்பட்ட விஷயங்களில் ஒன்று.

“நல்லா இருந்துச்சுண்ணே. சொல்லத் தெரியல. நல்லா இருந்துச்சு.”

“எனக்கு வருமா?”

இந்த முறை ஊசி நிமிர்ந்து அவரைப் பார்த்தான். பழிவாங்குகிற பார்வை இல்லை. ஒரு துணியை எடுத்து, இதைத் தைக்க முடியுமா முடியாதா என்று பார்க்கும் தையல்காரனின் பார்வை.

“வராதுன்னுதான் நினைக்கிறேண்ணே,” என்றான் மெதுவாக. “இந்த ரெண்டு மாசமும் எல்லாருக்கும் நான் இல்லாம போயிட்டேன். உங்களுக்கு மட்டும் போகவே இல்ல. எனக்கு முதுகுல தெரிஞ்சுது. உங்களுக்கு யாரையாவது பார்த்துட்டே இருக்கணும்ண்ணே. அது இருக்கிற வரைக்கும் இது வராது.”

சாப்பாட்டு மணி அடித்தது. கூடத்தில் இருபத்துமூன்று தட்டு வைத்திருந்தார்கள். மூத்தவர் கையசைத்துப் பெட்டியண்ணனைத் தன் வலது பக்கத்தில் உட்காரச் சொன்னார். அவர் ஏங்கிய இடம்தான். எல்லோரும் அவரையே பார்த்துச் சிரித்தார்கள், சூப்பை அவருக்குத்தான் முதலில் ஊற்றினார்கள். ஊசி வரிசையின் கோடியில், எல்லோருக்கும் கடைசியாக உட்கார்ந்திருந்தான். ரொட்டி பிட்டுக் கொடுத்துக்கொண்டே வந்தவர் அவன் தட்டில் ஒரு துண்டைப் போட்டார். அது தன்னுடையதைவிடப் பெரிதா என்று பெட்டியண்ணனின் கண் தானாகப் போய்ப் பார்த்தது. பெரிதாகத்தான் இருந்தது.